மல்யுத்த வீராங்கனைகளின் முறையீடும் நம் மஹல்லாவின் பொறுப்பும்

(ஜும்ஆ பயான் – எழுத்து வடிவம்)

அல்ஹம்துலில்லாஹ். வஸ்ஸலாத்து வஸ்ஸலாமு அலா ரஸூலில்லாஹ். அம்மா பஃது.

 

இன்றைக்கு மல்யுத்தத்தைப் பற்றிப் பேசப் போகிறேன். ஜும்ஆ மேடையில் மல்யுத்தமா என்று யாரும் முகம் சுளிக்க வேண்டாம். ருகானா என்று ஒரு மனிதர் மக்காவில் இருந்தார். குறைஷிகளில் பெயர் பெற்ற மல்லர். அவரோடு நபி (ஸல்) அவர்கள் மல்யுத்தம் செய்து அவரை வீழ்த்தினார்கள் என்ற செய்தி அபூதாவூதிலும் திர்மிதீயிலும் இருக்கிறது. இதன் அறிவிப்பாளர் தொடர் உறுதியானதல்ல என்று இமாம் திர்மிதீ அவர்களே குறிப்பெழுதியிருக்கிறார்கள், அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். சீராவை எழுதிய ஆலிம்கள் இந்தச் சம்பவத்தைப் பதிவு செய்தே வந்திருக்கிறார்கள். உஹுதுக்குப் புறப்படும்போதும் ஒரு மல்யுத்தம் நடந்தது. சிறுவர் ராஃபிஉ (ரலி) நன்றாக அம்பெய்வார் என்று படையில் சேர அனுமதி கிடைத்தது. ஸமுரா (ரலி) என்ற இன்னொரு சிறுவருக்குக் கிடைக்கவில்லை. நான் ராஃபிஉவையே வீழ்த்துவேனே என்றார் அவர். இருவரையும் மோதவிட்டார்கள். ஸமுரா வென்றார், அவருக்கும் அனுமதி கிடைத்தது. ஆக, மல்யுத்தம் நமக்கு அந்நியமான பேச்சு அல்ல.

இப்போது நம் நாட்டு மல்யுத்தத்துக்கு வருகிறேன்.

2023 ஜனவரி 18. டெல்லி ஜந்தர் மந்தர். நாட்டுக்குப் பதக்கம் வாங்கிக் கொடுத்த மல்யுத்த வீரர்களும் வீராங்கனைகளும் நடைபாதையில் வந்து உட்கார்ந்தார்கள். ஹரியானாவைச் சேர்ந்த வினேஷ் போகாட், மூன்று காமன்வெல்த் போட்டிகளில் தங்கம் வென்றவர். சாக்‌ஷி மாலிக், 2016 ரியோ ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்றவர். ஒலிம்பிக் மல்யுத்தத்தில் பதக்கம் வாங்கிய முதல் இந்தியப் பெண் அவர்தான். பஜ்ரங் புனியா, டோக்கியோவில் வெண்கலம் வென்றவர். இந்திய மல்யுத்த சம்மேளனத்தின் அன்றைய தலைவர் பிரிஜ் பூஷண் சரண் சிங் பெண்களிடம் பாலியல் அத்துமீறல் செய்தார் என்பது அவர்கள் வைத்த குற்றச்சாட்டு. அவர் அப்போது நாடாளுமன்ற உறுப்பினர். குற்றச்சாட்டை அன்றும் மறுத்தார், பிறகும் மறுத்தே வருகிறார்.

விசாரிக்கக் குழு அமைக்கிறோம் என்றதும் வீரர்கள் எழுந்து போனார்கள். எதுவும் நடக்கவில்லை என்று ஏப்ரல் 23ஆம் தேதி திரும்பி வந்து உட்கார்ந்தார்கள். கவனியுங்கள், ஒரு வழக்குப் பதிவு செய்யவே உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. ஏப்ரல் 28ஆம் தேதிதான் எஃப்.ஐ.ஆர். ஒலிம்பிக் பதக்கம் வாங்கியவர்களுக்கே இந்த நிலை என்றால், மரக்காணத்திலோ மயிலத்திலோ கூலி வேலைக்குப் போகும் ஒரு பெண் காவல் நிலையப் படியேறினால் அவளுக்கு எவ்வளவு நாளாகும்?

மே 28. புதிய நாடாளுமன்றக் கட்டடம் திறக்கப்பட்ட நாள். நம் தமிழ்நாட்டிலிருந்து ஆதீனங்கள் போயிருந்தார்கள், செங்கோல் வைக்கப்பட்டது, தொலைக்காட்சியில் எல்லோரும் பார்த்தோம். தமிழில் செங்கோல் என்றால் என்ன? வளையாத கோல். ஆள்பவர் நீதி தவற மாட்டார் என்பதற்கு அடையாளம். தவறினால் அதற்குப் பெயர் கொடுங்கோல். அந்தச் செங்கோல் உள்ளே வைக்கப்பட்ட அதே நாளில், அதே டெல்லியில், நீதி கேட்டு நாடாளுமன்றத்தை நோக்கி நடந்த இந்தப் பெண்களைக் காவலர்கள் தெருவில் இழுத்துப் பேருந்தில் ஏற்றினார்கள். தேசியக் கொடியோடு தரையில் கிடந்த அவர்களின் படம் உலகம் முழுக்கப் போனது. நான் எந்தக் கட்சியையும் பற்றிப் பேசவில்லை. எந்தக் கட்சி ஆண்டாலும் அந்தப் படம் அந்தப் படம்தான்.

இரண்டு நாள் கழித்து, மே 30ஆம் தேதி, பதக்கங்களை எடுத்துக்கொண்டு ஹரித்வாருக்குப் போனார்கள், கங்கையில் போட்டுவிட. விவசாயிகள் சங்கத் தலைவர் நரேஷ் திகாயத் வந்து பேசித் தடுத்தார். டிசம்பரில் சம்மேளனத்துக்குத் தேர்தல் நடந்தது. பழைய தலைவருக்கு நெருக்கமானவர் என்று சொல்லப்பட்டவரே வென்றார். சாக்‌ஷி மாலிக் பத்திரிகையாளர்கள் முன்னால் தன் மல்யுத்தக் காலணிகளைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, இனி களத்துக்கு வரமாட்டேன் என்று அழுதார். மறுநாள் பஜ்ரங் புனியா தன் பத்மஸ்ரீ விருதை டெல்லி நடைபாதையில் வைத்துவிட்டுத் திரும்பினார். சில நாளில் வினேஷும் கேல் ரத்னா, அர்ஜுனா விருதுகளைத் திருப்பிக் கொடுத்தார்.

நடைபாதையில் வைக்கப்பட்ட விருதைச் செய்தியில் பார்த்தபோது எனக்கு ஒரு ஹதீஸ் ஞாபகம் வந்தது. அபூதாவூதில், ஒழுக்கங்கள் பற்றிய பாடத்தில் இருக்கிறது. அபூஹுரைரா (ரலி) அறிவிக்கிறார்கள். ஒருவர் நபி (ஸல்) அவர்களிடம் வந்து அண்டை வீட்டுக்காரர் தரும் தொல்லையை முறையிட்டார். பொறுமையாக இரும் என்று அனுப்பினார்கள். மறுபடி வந்தார். இரண்டு மூன்று முறை ஆயிற்று. கடைசியில் நபி (ஸல்) அவர்கள் என்ன சொன்னார்கள் தெரியுமா? போய் உம் வீட்டுச் சாமான்களை எடுத்துத் தெருவில் போடும் என்றார்கள். அவரும் போட்டார். போகிறவர் வருகிறவர் எல்லாம் என்ன ஆயிற்று என்று கேட்டார்கள். நடந்ததைச் சொன்னார். கேட்டவர்கள் அந்த அண்டை வீட்டுக்காரரைச் சபிக்க ஆரம்பித்தார்கள். அவரால் தாங்க முடியவில்லை. ஓடி வந்து, உள்ளே போங்கள், இனி என்னால் உங்களுக்கு எந்தத் தொல்லையும் வராது என்று கெஞ்சினார்.

இதை வெறுமனே அண்டை வீட்டார் உரிமை என்ற தலைப்பில் மட்டும் படித்துவிட்டுப் போய்விடுகிறோம். இது ஒரு போராட்ட முறை, சகோதரர்களே. கல் இல்லை, கம்பு இல்லை, வசைச்சொல் இல்லை. பாதிக்கப்பட்டவர் தன் சொந்தப் பொருளைத் தெருவில் வைக்கிறார். ஊர் கேட்கிறது, ஊரின் மனசாட்சி வேலை செய்கிறது. முதல் முறையே தெருவுக்குப் போகச் சொல்லவில்லை என்பதையும் பாருங்கள். முதலில் பொறுமை, அப்புறமும் பொறுமை, எல்லா வழியும் அடைபட்ட பிறகுதான் தெரு. இந்த வீரர்களும் அப்படித்தான். ஜனவரியில் கமிட்டியை நம்பினார்கள், ஏப்ரலில் நீதிமன்றத்தை நாடினார்கள், தெருவில் வைக்க அவர்களிடம் இருந்த சாமான் பதக்கமும் காலணியும்தான்.

அப்போது ஒரு வாதம் பலமாக எழுந்தது. வீட்டு விஷயத்தை வீதிக்குக் கொண்டு வரலாமா, நாட்டின் பெயர் கெடாதா என்று. இந்திய ஒலிம்பிக் சங்கத்தின் தலைவர் பி.டி. உஷா அவர்களே ஏறக்குறைய அப்படித்தான் சொன்னார். நம் தலைமுறைக்கு ஓட்டம் என்றாலே அவர் பெயர்தான், அதனால் அது அந்தப் பெண்களுக்குக் கூடுதலாக வலித்தது. சில நாளில் அவரே ஜந்தர் மந்தருக்குப் போய் அவர்களைச் சந்தித்தார். அதுவும் சொல்லப்பட வேண்டியதுதான்.

இந்த வாதத்துக்குக் குர்ஆனில் பதில் இருக்கிறது. ஆறாவது ஜுஸ்வு தொடங்கும் இடம், சூரத்துன் நிஸாவின் 148வது ஆயத். அதன் கருத்து: தீய பேச்சை உரக்கப் பேசுவதை அல்லாஹ் விரும்புவதில்லை, ஆனால் அநீதிக்கு ஆளானவருக்கு அந்தத் தடை இல்லை. இதற்கு இமாம் முஜாஹித் (ரஹ்) அவர்கள் சொன்ன விளக்கத்தைத் தப்ஸீர் தபரியில் காணலாம். விருந்தாளியாகப் போன ஒருவருக்கு உரிய உபசரிப்பு கிடைக்கவில்லை என்றால், அவர் அதை வெளியே சொல்ல அனுமதி உண்டு என்கிறார்கள். சாப்பாடு போடாததையே சொல்லலாம் என்றால், மானத்தில் கை வைத்ததைச் சொல்லக்கூடாதா? நாட்டின் பெயரைக் கெடுப்பது கூக்குரல் அல்ல. கூக்குரலுக்குக் காரணமானதுதான் கெடுக்கிறது.

இன்னும் ஒரு படி மேலே போங்கள். ஒரு பெண்ணின் முறையீட்டை வைத்தே ஒரு சூரா தொடங்குகிறது. கவ்லா பின்த் ஸஅலபா (ரலி). கணவர் அவ்ஸ் (ரலி) கோபத்தில் அவரைத் தாயின் முதுகோடு ஒப்பிட்டுப் பேசிவிட்டார். அன்றைய வழக்கப்படி அது திருமணத்தையே அறுத்துவிடும் சொல். கவ்லா விடவில்லை. நபி (ஸல்) அவர்களிடமே வந்து திரும்பத் திரும்ப வாதாடினார். அதே அறையின் ஒரு மூலையில் இருந்த ஆயிஷா (ரலி) அவர்களுக்கே அவர் பேச்சில் சில வார்த்தைகள் கேட்கவில்லையாம். ஏழு வானங்களுக்கு மேலிருந்து அல்லாஹ் கேட்டான். சூராவுக்கு முஜாதலா என்றே பெயர் வந்தது, வாதாடுபவள். மெதுவாகப் பேசிய ஒரு பெண்ணின் குரலை அல்லாஹ் கேட்டுவிட்டான். நமக்கு மைக் வைத்துப் பேசினாலும் கேட்பதில்லை.

சரி, அடுத்த கேள்விக்கு வருகிறேன். யாரும் வாய்விட்டுக் கேட்கமாட்டார்கள், ஆனால் மனதில் இருக்கும். இந்தப் பெண்கள் நம் மார்க்கத்தைச் சேர்ந்தவர்களா? நமக்கு என்ன சம்பந்தம்?

2023 டிசம்பரில் ஆஸ்திரேலிய கிரிக்கெட் வீரர் உஸ்மான் கவாஜா பெர்த் டெஸ்டுக்கு முன்னால் தன் காலணியில் எல்லா உயிரும் சமம் என்ற பொருளில் எழுதினார். காஸா மக்களை நினைத்து எழுதியது. அதோடு களமிறங்க ஐ.சி.சி. விதி இடம் தரவில்லை. எழுத்தை மறைத்து ஒட்டிவிட்டுக் கையில் கறுப்புப் பட்டையோடு இறங்கினார், அதற்கும் கண்டனம் வந்தது. நம் பிள்ளைகள் எத்தனை பேர் அன்றைக்கு வாட்ஸ்அப்பில் ஸ்டேட்டஸ் வைத்தீர்கள்! நல்லது. அதே டிசம்பரில்தான் சாக்‌ஷி மாலிக் காலணியைக் கழற்றி மேசையில் வைத்தார். அதற்கு எத்தனை ஸ்டேட்டஸ்? ஒரு காலணி நமக்குத் தெரிந்தது, இன்னொரு காலணி தெரியவில்லை. சூரா நிஸாவின் 135வது ஆயத்தும் சூரா மாயிதாவின் 8வது ஆயத்தும் இந்த இடத்தில்தான் நம்மைப் பிடித்து நிறுத்துகின்றன. சொந்தக்காரர் என்பதற்காகச் சாயாதே, பிடிக்காதவர் என்பதற்காக நீதியை விடாதே.

ஹில்ஃபுல் ஃபுளூல் உடன்படிக்கையை மத்ரஸாவில் படித்தவர்கள் அறிவார்கள். யமன் நாட்டு ஸுபைத் கோத்திரத்து வியாபாரி ஒருவர் மக்காவுக்குச் சரக்கு கொண்டு வந்தார். ஆஸ் இப்னு வாயில் என்ற செல்வாக்கான குறைஷித் தலைவர் சரக்கை வாங்கிக்கொண்டு காசு தரவில்லை. வியாபாரி பல கோத்திரத்தாரிடம் போய்க் கேட்டார். பெரிய இடத்து விவகாரம், யாரும் தலையிடவில்லை. சூரியன் உதிக்கும் நேரம், குறைஷிகள் கஃபாவைச் சுற்றிக் கூட்டம் கூட்டமாக உட்கார்ந்திருக்கும் நேரம் பார்த்து, அபூகுபைஸ் மலைமேல் ஏறி நின்று கத்தினார். நாடாளுமன்றத்துக்குப் பக்கத்தில் ஜந்தர் மந்தர் இருப்பதுபோல, கஃபாவுக்குப் பக்கத்தில் அபூகுபைஸ். அந்தக் குரல் நபி (ஸல்) அவர்களின் பெரிய தந்தை ஸுபைர் அவர்களை எழுப்பியது. அப்துல்லாஹ் இப்னு ஜுத்ஆன் வீட்டில் கூடினார்கள். மக்காவில் யாருக்கு அநீதி நடந்தாலும், உள்ளூர்க்காரரோ வெளியூர்க்காரரோ, உரிமை திரும்பும்வரை அவர் பக்கம் நிற்போம் என்று ஒப்பந்தம் செய்தார்கள். நேரே ஆஸ் வீட்டுக்குப் போய்ச் சரக்கை மீட்டுக் கொடுத்தார்கள்.

அந்தக் கூட்டத்தில் நபி (ஸல்) அவர்களும் இருந்தார்கள், வயது ஏறக்குறைய 20. நபித்துவம் வருவதற்கு முன்பு. கூடியிருந்தவர்கள் முஸ்லிம்கள் அல்ல, முறையிட்டவர் முஸ்லிம் அல்ல. பிற்காலத்தில் அதைப் பற்றிச் சொன்னார்கள்: செந்நிற ஒட்டகங்கள் கிடைப்பதாக இருந்தாலும் அந்த உடன்படிக்கையை விட்டுக்கொடுக்க மாட்டேன், இஸ்லாம் வந்த பின்னும் அப்படி ஒன்றுக்கு அழைத்தால் போவேன் என்று. நமக்கு என்ன சம்பந்தம் என்ற கேள்விக்கு இதற்கு மேல் பதில் வேண்டுமா?

சமூக நீதி என்ற சொல் நம் மாவட்டத்துக்குப் புதிதல்ல. 1987 செப்டம்பரில் இட ஒதுக்கீடு கேட்டு வன்னியர் மக்கள் ஒரு வாரம் சாலை மறியல் செய்தது பெரியவர்களுக்கு ஞாபகம் இருக்கும். 21 பேர் உயிரிழந்தார்கள். இப்போது அவர்களுக்கு விழுப்புரத்தில் மணிமண்டபம் நிற்கிறது. 1978இல் விழுப்புரத்தில் 12 தலித் சகோதரர்கள் கொல்லப்பட்டதும் இதே மண்ணில்தான். கேட்காமல் எதுவும் கிடைக்காது என்பதை நம் ஊர் உலகத்துக்குப் போய்ப் படிக்க வேண்டியதில்லை.

மறியல் என்றதும் ஒன்று சொல்லிவிட வேண்டும், இளைஞர்களுக்காக. பாதைகளில் உட்காருவதைத் தவிருங்கள், தவிர்க்க முடியாவிட்டால் பாதைக்கு அதன் உரிமையைக் கொடுங்கள் என்று நபி (ஸல்) அவர்கள் சொன்னது புகாரியிலும் முஸ்லிமிலும் இருக்கிறது. பார்வையைத் தாழ்த்துவது, யாருக்கும் துன்பம் தராமல் இருப்பது, ஸலாமுக்குப் பதில் சொல்வது, நன்மையை ஏவித் தீமையைத் தடுப்பது. நாம் ஏதோ ஒரு கோரிக்கைக்காக நான்குமுனைச் சந்திப்பில் நிற்கிறோம், பின்னால் முண்டியம்பாக்கம் மருத்துவமனைக்குப் போகிற ஆம்புலன்ஸ் நிற்கிறது என்றால், அந்தக் கோரிக்கை எவ்வளவு நியாயமானதாக இருந்தாலும் அந்த நோயாளியின் உரிமையைப் பறித்துவிட்டோம். அந்த வீராங்கனைகள் ஏப்ரல் 23 முதல் மே 28 வரை ஐந்து வாரம் வெயிலிலும் மழையிலும் நடைபாதையில் உட்கார்ந்தார்கள். பலசாலி யார் என்று சொல்லும் ஹதீஸில் நபி (ஸல்) அவர்கள் பயன்படுத்திய சொல் ஸுரஆ. எதிராளிகளைத் தரையில் வீழ்த்தும் மல்லர் என்று பொருள். அவர் அல்ல பலசாலி, கோபம் வரும்போது தன்னை அடக்குபவரே பலசாலி என்றார்கள். யாரையும் தூக்கிப் போடத் தெரிந்தவர்கள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அந்த ஹதீஸுக்கு இதைவிட நேரடியான விளக்கத்தை நான் பார்த்ததில்லை.

இப்படி நின்றவர்களுக்கு உலகத்தில் உடனே பரிசு கிடைத்துவிடும் என்று நினைக்காதீர்கள். முஹம்மது அலீ 1967 ஏப்ரல் 28ஆம் தேதி அமெரிக்க ராணுவத்தில் சேர மறுத்தார். வியட்நாம் மக்களைக் கொல்லப் போகமாட்டேன் என்றார். பட்டம் போனது, உரிமம் போனது, ஐந்தாண்டு சிறை என்று தீர்ப்பு வந்தது. மேல்முறையீட்டில் இருந்ததால் சிறைக்குப் போகவில்லை. ஆனால் 25 வயதிலிருந்து 28 வயது வரை, ஒரு குத்துச்சண்டை வீரனின் பொன்னான காலம், மேடை ஏற முடியவில்லை. 1971இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. போன வருடங்களை யார் திருப்பித் தருவார்? அன்று அவர் இருந்த அமைப்பின் அகீதாவில் பெரிய கோளாறு இருந்தது. 1975க்குப் பிறகு அல்லாஹ் அவரை அஹ்லுஸ் ஸுன்னாவின் பாதைக்குக் கொண்டு வந்தான். 1980இல் சென்னைக்கும் வந்து நேரு ஸ்டேடியத்தில் காட்சிப் போட்டி ஆடினார். பார்த்த பெரியவர்கள் இன்றும் சொல்வார்கள்.

வினேஷ் போகாட்டும் அப்படித்தான். 2024 ஆகஸ்டில் பாரிஸ் ஒலிம்பிக்கில், சர்வதேசப் போட்டியில் அதுவரை தோற்றதே இல்லாத ஜப்பானின் யுய் சுசாகியை முதல் சுற்றில் வீழ்த்தி, இறுதிப் போட்டி வரை வந்தார். மறுநாள் காலை எடை பார்த்தபோது 50 கிலோவுக்கு 100 கிராம் கூடுதல். தகுதி நீக்கம். விதி விதிதான், அதைக் குறை சொல்ல முடியாது. நீதிக்காக நின்றவருக்கு உலகத் தராசு சலுகை கொடுப்பதில்லை. அல்லாஹ்விடம் வேறொரு தராசு இருக்கிறது, சூரத்துஸ் ஸில்ஸாலின் கடைசி இரண்டு ஆயத்துகள் அதைத்தான் பேசுகின்றன.

இதுவரை கேட்டவர்கள், ஹஜ்ரத் ஒரு பக்கமே பேசுகிறார் என்று எண்ணலாம். மறுபக்கமும் மார்க்கத்தில் இருக்கிறது. அபூதாவூத், திர்மிதீ இரண்டிலும் ஒரு சம்பவம். நபி (ஸல்) காலத்தில் தொழுகைக்குப் புறப்பட்ட ஒரு பெண்ணிடம் வழியில் ஒருவன் அத்துமீறிவிட்டு ஓடினான். அவள் சத்தமிட்டாள். அந்த வழியே வந்த முஹாஜிர்கள் ஓடிப்போய் ஒருவரைப் பிடித்து வந்தார்கள். அவர் உண்மையில் உதவிக்கு வந்தவர், ஆளை மாற்றிப் பிடித்துவிட்டார்கள். அவருக்குத் தண்டனை சொல்லப்படும் நேரத்தில் உண்மைக் குற்றவாளி எழுந்து ஒப்புக்கொண்டான். நபி (ஸல்) அவர்கள் அந்தப் பெண்ணிடம், நீ போ, அல்லாஹ் உன்னை மன்னித்துவிட்டான் என்றார்கள். தவறாகப் பிடிபட்டவரிடம் நல்ல வார்த்தை சொன்னார்கள்.

இரண்டு பாடம் இதில். அந்த நேரத்தில் ஏன் தனியாக வந்தாய், என்ன உடை உடுத்தியிருந்தாய் என்று அந்தப் பெண்ணை ஒருவரும் கேட்கவில்லை. அதே சமயம், பதறிப் பிடித்தால் நிரபராதியும் சிக்குவார். அதனால்தான் விசாரணை வேண்டும் என்கிறோம். டெல்லி விவகாரத்திலும், வயது குறைந்த ஒரு வீராங்கனை பெயரில் இருந்த போக்சோ வழக்கை 2025 மே மாதம் நீதிமன்றம் முடித்துவைத்தது. அந்தப் பெண்ணின் தந்தையே புகாரை முன்பு மாற்றிச் சொல்லியிருந்தார். மற்ற வீராங்கனைகளின் புகாரில் 2024 மே மாதமே குற்றச்சாட்டு பதிவாகி, அது தனி வழக்கு. தீர்ப்புச் சொல்ல நீதிபதி இருக்கிறார், மிம்பரில் நிற்பவன் சொல்லக்கூடாது. ஆனால் அந்தப் பெண்கள் கேட்டது தண்டனையை அல்ல, விசாரணையை. விசாரி என்று கேட்கவே பதக்கத்தைத் தெருவில் வைக்க வேண்டி வந்ததே, அதைப் பற்றிப் பேசும் கடமை நமக்கு உண்டு.

இப்போது டெல்லியை விட்டுவிட்டு நம் மஹல்லாவுக்கு வருவோம். இதைச் சொல்லத்தான் இவ்வளவு நேரம் எடுத்துக்கொண்டேன்.

சில நாட்களுக்கு முன் ஒரு தாய் போன் செய்தார். மகள் பள்ளிக்கூடத்தில் நன்றாக ஓடுகிறாள், வெளியூர்ப் போட்டிக்குக் கூப்பிடுகிறார்கள். ஹஜ்ரத், செய்தியெல்லாம் பார்த்தால் பயமாக இருக்கிறது, பேசாமல் நிறுத்திவிடவா என்று கேட்டார். உடை, பயணத்தில் மஹ்ரம் ஆகிய மஸ்அலாக்களைத் தனியாகப் பேசினோம், அது வேறு விஷயம். ஓடுவது பெண்ணுக்கு ஆகாதது அல்ல. ஆயிஷா (ரலி) அவர்களோடு நபி (ஸல்) அவர்கள் இரண்டு முறை ஓடிப் போட்டியிட்டிருக்கிறார்கள், முதல் முறை ஆயிஷா நாயகி ஜெயித்தார்கள். என்னைச் சுட்டது அந்தத் தாயின் பயம்தான். எங்கோ எவனோ தப்புச் செய்வான் என்பதற்காக ஒரு பெண்பிள்ளையின் காலைக் கட்டிப்போடுகிறோம். தப்புச் செய்பவனின் கையை யார் கட்டுவது?

அந்தத் தாயிடம் நான் கேட்டேன், பிள்ளை உங்களிடம் எதையும் சொல்லுமா என்று. கொஞ்ச நேரம் பதில் இல்லை. பிறகு, சொல்ல மாட்டாள் ஹஜ்ரத், அவங்க அத்தா திட்டுவாங்க என்றார்.

இங்கேதான் நோய் இருக்கிறது, அத்தாமார்களே. உங்கள் பிள்ளை, மகளோ மகனோ, ஒருவர் என்னைத் தொட்டார் என்று சொன்னால் முதல் அடி அந்தப் பிள்ளைக்கு விழும் என்றால், அது எப்படிச் சொல்லும்? பள்ளிக்கூட மைதானம் மட்டுமல்ல, டியூஷன், சொந்தக்காரர் வீடு, வேன், நாம் நடத்தும் மக்தப் மத்ரஸா, எங்கேயும் நடக்கலாம். ஆம், மத்ரஸாவில்கூட. நான் ஒரு உஸ்தாத், அந்தப் பாயில் உட்கார்ந்து ஓதிக் கொடுப்பவன், அதனால் நானே சொல்கிறேன். தாடியும் ஜுப்பாவும் யாருக்கும் நற்சான்றிதழ் ஆகாது. மக்ஸூமிய்யா கோத்திரத்துப் பெண் திருடியபோது, பெரிய வீட்டுப் பெண் என்று பரிந்துரைக்க வந்தவரிடம், என் மகள் ஃபாத்திமாவே செய்திருந்தாலும் சட்டம் ஒன்றுதான் என்றார்கள் நபி (ஸல்). செல்வாக்கானவர் செய்தால் விட்டுவிடுவதும் எளியவர் செய்தால் தண்டிப்பதுமே முந்தைய சமூகங்களை அழித்தது என்றார்கள். டெல்லியில் ஒரு தலைவரை விசாரி என்று கைதட்டும் நாம், நம் ஊரில் ஒரு முதவல்லியின் பெயரோ ஒரு உஸ்தாதின் பெயரோ வந்தால் என்ன செய்வோம்?

வேறொரு மாவட்டத்தில் ஒரு மஹல்லாவில் என்ன செய்தார்கள் என்று எனக்குத் தெரியும். இரவோடு இரவாக நாலு பெரியவர்கள் உட்கார்ந்து, பிள்ளையின் தகப்பனாரை அழைத்து, வெளியே தெரிந்தால் உன் மகளுக்குத்தான் மாப்பிள்ளை கிடைக்காது என்று சொல்லி அனுப்பினார்கள். ஆளை வேறு ஊருக்கு மாற்றிவிட்டார்கள். அங்கேயும் பிள்ளைகள் இருக்கிறார்கள் அல்லவா?

இதற்கு மார்க்கத்தை வேறு துணைக்கு அழைப்பார்கள். ஒரு முஸ்லிமின் குறையை மறைத்தால் அல்லாஹ் நம் குறையை மறைப்பான் என்ற ஹதீஸ். ஸஹீஹான ஹதீஸ்தான். ஆனால் இமாம் நவவீ (ரஹ்) அவர்கள் முஸ்லிமின் விரிவுரையில் என்ன எழுதுகிறார்கள்? அந்த மறைத்தல், தீங்கு செய்வதில் பேர்போகாதவரின் சறுக்கலுக்கு. பிறருக்குத் தொல்லையும் கேடும் விளைவிப்பவர் என்று தெரிந்தவரை மறைக்கக் கூடாது, பெரிய கேடு வராது என்றால் அதிகாரியிடம் தெரிவிப்பதே சிறந்தது என்கிறார்கள். ஒருவர் தனக்கும் அல்லாஹ்வுக்கும் இடையில் செய்த பாவம் வேறு, ஒரு குழந்தைக்குச் செய்த அநியாயம் வேறு. இரண்டாவதை மறைப்பவர் குறையை மறைக்கவில்லை, அடுத்த குழந்தையைக் காட்டிக் கொடுக்கிறார்.

நாட்டின் சட்டமும் அதைத்தான் சொல்கிறது. 2012இல் வந்த போக்சோ சட்டத்தின் 19வது பிரிவுப்படி, குழந்தைக்கு இப்படி நடந்தது என்று தெரிந்த எவரும் காவல்துறையிடம் தெரிவித்தே ஆக வேண்டும். தெரிவிக்காவிட்டால் ஆறு மாதம் வரை சிறை, நிறுவனத்தின் பொறுப்பில் இருப்பவர் என்றால் ஓராண்டு வரை. ஜமாஅத்தில் பேசி முடித்துவிட்டோம் என்பது இந்த விஷயத்தில் செல்லாது. இது நமக்குப் பேசி முடிக்க உரிமை இல்லாத விவகாரம். 1098 என்ற எண்ணைப் பிள்ளைகளுக்கு மனப்பாடம் செய்து வையுங்கள், குழந்தைகளுக்கான உதவி எண், காசு செலவில்லை.

நம் மத்ரஸாவுக்கு நிர்வாகத்திடம் நான் வைத்திருக்கும் கோரிக்கை இது. ஓதும் நேரத்தில் அறைக்கதவு திறந்தே இருக்கும், எந்தப் பிள்ளையும் எந்த உஸ்தாதோடும் தனியாக இருக்கக் கூடாது, அது எனக்கும் சேர்த்துத்தான். பெண்பிள்ளைகளின் முறையீட்டைக் கேட்க நம் மஹல்லாவிலேயே படித்த, பிள்ளைகள் பயப்படாமல் பேசக்கூடிய இரண்டு பெண்மணிகள் வேண்டும். ஆண்பிள்ளைகளுக்கும் அப்படி இருவர். செயலாளர் சம்மதித்துவிட்டார். கமிட்டியில் ஓரிருவர், இது நம் மத்ரஸாவுக்குக் கெட்ட பெயர் ஆகாதா ஹஜ்ரத் என்று கேட்டார்கள். அண்டை வீட்டுக்காரரின் ஹதீஸை அவர்களுக்கும் சொன்னேன். சாமான் தெருவுக்கு வரும் முன்பே கேட்டுவிட்டால் தெருவுக்கு வரவேண்டிய அவசியமே இல்லை.

யா அல்லாஹ், அநீதி இழைக்கப்பட்டவர் யாராக இருந்தாலும் அவருடைய துஆவுக்கும் உனக்கும் இடையில் திரை இல்லை என்று உன் ஹபீப் (ஸல்) சொல்லித் தந்தார்கள். அந்தத் துஆவுக்கு எதிர்ப்பக்கத்தில் எங்களை நிறுத்திவிடாதே. எங்கள் பிள்ளைகளை எங்களிடம் பேச வை, நாங்கள் கேட்கும்படி எங்கள் காதுகளைத் திற. ஆமீன், யா ரப்பல் ஆலமீன்.

தொழுகை முடிந்ததும் மத்ரஸா பிள்ளைகளின் பெற்றோர்கள் மட்டும் ஹவுளுக்குப் பக்கத்தில் பத்து நிமிடம் இருங்கள், பெயர்களை எழுதிக்கொள்வோம். தாய்மார்கள் விரும்பினால் வீட்டிலிருந்தே பெயர் சொல்லி அனுப்பலாம். சுன்னத் தொழாதவர்கள் தொழுதுகொள்ளுங்கள்.